முகம் இருக்கா?

எங்கள் தெருவில் பொழுது எப்போது அடங்கியது என்று சொல்லும் வேலை சூரியனுடையது இல்லை, என்னுடையது. இருபத்திரண்டு வருடம் அதைச் சொன்னேன். அதில் கடைசி இரண்டு வருடம் சொன்னது பொய். இதை இப்போதே சொல்லிவிடுகிறேன். கதையைச் சுற்றி வளைத்து ஆரம்பித்தால், இவன் இன்னும் திருந்தவில்லை என்றுதான் நீங்கள் நினைப்பீர்கள்.

என் தொழில் மூக்குக்கண்ணாடி. தெருமுனையில் கடை, உள்ளே எட்டு ட்யூப்லைட், பின்னறையில் எழுத்துப் பலகை. நான் கண் டாக்டர் இல்லை, டாக்டர் எழுதிக் கொடுப்பதைச் செய்து தருபவன். ஆனாலும் முப்பது வருடமாக ஜனங்கள் மூக்கில் சோதனை பிரேமை மாட்டி, "இது தெளிவா இருக்கா, இது தெளிவா இருக்கா" என்று கேட்டுக் கேட்டு, யார் நிஜமாகப் பார்க்கிறார்கள், யார் பார்ப்பதுபோல் பாவலா பண்ணுகிறார்கள் என்பது எனக்கு அத்துப்படி. சில பேர் பலகையை மனப்பாடம் செய்துகொண்டு வருவார்கள். நான் பேசாமல் வேறு பலகையை மாட்டிவிட்டு, "இப்ப படிங்க பார்ப்போம்" என்பேன். அசடு வழிய நிற்பார்கள். அதைப் பார்ப்பதில் எனக்கு அப்படி ஒரு சந்தோஷம்.

எங்கள் தெருச் சாமியின் பெயர் மசங்கி. பகலும் இல்லாமல் ராத்திரியும் இல்லாமல் நடுவே கொஞ்ச நேரம் வந்து போகிறதே, அந்த நேரம்தான் அவள். தெரு நடுவில் அவளுக்கு ஓர் அறை, மேற்குப் பக்கம் ஒரே ஒரு ஜன்னல். இடுப்பளவுக் கல். முகம் இருக்க வேண்டிய இடம் வழுவழுவென்று தேய்ந்து கிடக்கும். பூ கிடையாது, படையல் கிடையாது. சூரியன் இறங்கியதும் கல்லின் மேலிருக்கும் துணியை எடுப்போம், தெருவிளக்கு எரிந்ததும் மறுபடி மூடிவிடுவோம். அந்த இடைப்பட்ட நேரத்தில் தெருவில் ஒரு வீட்டிலும், ஒரு கடையிலும் விளக்குப் போடக் கூடாது. என் எட்டு ட்யூப்லைட்டும் அப்போது அணைந்துதான் இருக்கும்.

இடைப்பட்ட நேரம் எப்போது முடிகிறது என்பதைக் கடிகாரம் பார்த்துச் சொல்லக் கூடாது. கல்லுக்கு முன்னால் ஆறடி இடைவெளியில் எதிரும் புதிருமாக இரண்டு ஸ்டூல். ஒன்றில் முகம் கொடுப்பவர் உட்காருவார், இன்னொன்றில் முகம் பார்ப்பவர். வாசலில் தெருவிளக்குச் சுவிட்சுக்குப் பக்கத்தில் நிற்கிறவர் அவ்வப்போது கேட்பார்: "முகம் இருக்கா?" எதிரே இருக்கிற முகம் இன்னார் முகம் என்று அடையாளம் தெரிகிறவரை பார்ப்பவர் "இருக்கு" என்பார். அடையாளம் தெரியாமல் போனதும் "போயிடுச்சு" என்பார். உடனே தெரு முழுக்க விளக்கு எரியும்.

அதுவரை மற்றவர்கள் சுவரோரமாக நின்று, வெளிச்சத்தில் சொல்ல வாய் வராததை யாரிடம் சொல்ல வேண்டுமோ அவரிடம் சொல்லிக்கொள்வார்கள். தங்கையை ஏமாற்றினவன் தங்கையிடம், முதலாளியிடம் திருடினவன் முதலாளியிடம். கேட்கிறவர் கடைசியில் "கேட்டுட்டேன்" என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும், விஷயம் அத்தோடு முடிந்தது. விளக்கு வந்த பிறகு கேட்டவர் அதைப் பற்றி மூச்சுவிடக் கூடாது. எங்கள் தெருவில் அடிதடி குறைவு என்றால் அதற்கு இதுதான் காரணம்.

இன்னொன்றும் சொல்வார்கள். எதையாவது மறைத்து வைத்திருக்கிறவன் ஸ்டூலில் உட்கார்ந்தால் அவன் முகம் சீக்கிரம் போய்விடும் என்று. இதை நான் நம்பினேனா என்று கேட்டால், வசதிப்பட்டபோது நம்பினேன்.

முகம் கொடுத்தவர் என் மச்சான், என் மனைவியின் அண்ணன். எங்கள் தெரு பேக்கரி அவருடையது. பருத்த உடம்பு, அகலமான முகம், தூரத்தில் வரும்போதே இன்னார் என்று தெரியும். வெள்ளை மனசு. அவர் வயிற்றில் எதுவும் தங்காது என்று என் மனைவியே கிண்டல் பண்ணுவாள். நாங்கள் இருவரும் இருபது வருடம் எதிரெதிரே உட்கார்ந்து ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்திருக்கிறோம். என் மனைவியின் முகத்தைக்கூட நான் அவ்வளவு நேரம் பார்த்ததில்லை.

அப்புறம் என் கண் போக ஆரம்பித்தது.

முழுசாகப் போகவில்லை. பகலில் ஊசி முனை அளவு திருகாணியைத் திருகுவேன், ஒரு குறையும் இல்லை. வெளிச்சம் மங்கினால் மட்டும், மற்றவர்களுக்கெல்லாம் மெல்ல மெல்ல மங்குகிறபோது, எனக்கு ஒரேயடியாகத் துணி போட்டு மூடினதுபோல் ஆகிவிடும். என் அப்பாவுக்கும் இதேதான் இருந்தது. டாக்டர்கள் கைவிரித்துவிடும் நோய் என்று எனக்கு நன்றாகத் தெரியும். ஒரு மத்தியானம் கடையைப் பூட்டிக்கொண்டு, பின்னறையில் ஒவ்வொரு விளக்காக அணைத்து, என் பலகையை நானே படித்துப் பார்த்தேன். கடைசிக்கு முந்தின விளக்கை அணைத்ததும் பலகையே காணாமல் போனது.

மறுநாளே தெருச் சங்கத்தில் சொல்லி ஸ்டூலை விட்டு இறங்கியிருக்க வேண்டும். இறங்கவில்லை. கடையில் நான் வெறும் கண்ணாடிக்காரன். யாரும் பேரம் பேசலாம், "போன தடவை போட்டது மூக்கை அறுக்குதுய்யா" என்று எகிறலாம். அந்த ஸ்டூலில் மட்டும் நான் வாயைத் திறக்கிறவரை ஒரு தெருவே இருட்டில் காத்திருக்கும். அதை விட மனசு வரவில்லை. வேறு பெரிய காரணமெல்லாம் இல்லை.

பலகையை மனப்பாடம் செய்துகொண்டு வருகிறவர்களைக் கேலி செய்தேனே, அதையேதான் நானும் செய்தேன். கடைசியாக முகம் தெளிவாகத் தெரிந்த நாட்களில் எவ்வளவு நேரம் பிடித்தது என்று கணக்குப் பார்த்துக்கொண்டு, உள்ளே உட்கார்ந்து மனசுக்குள் எண்ண ஆரம்பித்தேன். ஒன்று, இரண்டு, மூன்று. நூறு, இருநூறு. பக்கத்தில் சாமி இருக்கிறாள், சுவரோரம் ஒருத்தி தன் மகளிடம் எதையோ சொல்லி அழுகிறாள், நான் நானூற்றுப் பன்னிரண்டு, நானூற்றுப் பதின்மூன்று என்று எண்ணிக்கொண்டிருக்கிறேன். தாமதமாகச் சொன்னால் மாட்டிக்கொள்வேன், முகம் போனது எல்லாருக்கும் தெரிந்துவிடும். முன்னதாகச் சொன்னால் யாரும் கேட்க முடியாது, பார்ப்பவர் கண்தான் சட்டம். அதனால் எப்போதும் கொஞ்சம் முன்னதாகவே "போயிடுச்சு" என்றேன். கொஞ்சம் கொஞ்சமாக அது நிறையவே முன்னதாக ஆகிவிட்டது.

எங்கள் சங்கத் தலைவரை எல்லாரும் நிமிஷம் என்றுதான் கூப்பிடுவோம். பஸ் டிப்போவில் நேரம் குறிக்கும் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். தூக்கத்தில்கூட மணி பார்ப்பார் என்று அவர் வீட்டம்மாவே சொல்வார்கள். சுவிட்சு அவர் பொறுப்பு. மசங்கிக்குக் கடிகாரம் ஆகாது என்றாலும் அவர் கை சும்மா இருக்காது. விளக்குப் போட்ட நேரத்தை வீட்டுக்குப் போய் ஒரு நோட்டில் எழுதி வைத்துவிடுவார். நாலு மாதத்துக்கு முன்னால் அந்த நோட்டோடு கூட்டத்துக்கு வந்தார்.

"மூணு வருஷத்துக்கு முன்னாடி இதே தேதியில இருபத்தி மூணு நிமிஷம்," என்றார். "இந்த வருஷம் பதினாலு. மேகம் இல்ல, மழை இல்ல. என்ன நடக்குது?"

"வாயத் திறக்கறதுக்குள்ள விளக்கு வந்துடுதுங்க," என்றாள் தையல்காரி. எதிர் வரிசையில் கடை வைத்திருப்பவள். "எங்க மாமியார் ஏதோ சொல்ல வந்தாங்க. பாதியில வெளிச்சம் வந்துடுச்சு. அப்புறம் அவங்க அந்தப் பக்கமே வரல. போன மாசம் போயும் சேர்ந்துட்டாங்க. என்னன்னு இனிமே யாரைக் கேக்கறது?"

அறையில் எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். நல்ல வெளிச்சம், ஒவ்வொரு முகமும் எனக்குத் தெரிந்தது. அப்போது நான் சொல்லியிருந்தால் என் ஸ்டூல் மட்டும்தான் போயிருக்கும்.

"என் கையில என்ன இருக்கு?" என்றேன். "முகம் தெரியற வரைக்கும் தெரியுதுங்கிறேன். இப்பல்லாம் மச்சான் முகம் நிக்க மாட்டேங்குது."

மச்சான் பெஞ்சின் ஓரத்தில் உட்கார்ந்திருந்தார். நிமிர்ந்து என்னைப் பார்த்தார்.

நான் நிறுத்தவில்லை. ஒரு பொய் சொன்னால் அதற்கு முட்டுக்கொடுக்க வேண்டியிருக்கிறதே. "ரெண்டு வருஷமாவே பாக்கறேன். முன்னெல்லாம் முகம் கழுவிட்டு வருவாரு. இப்ப நெத்தி, கன்னமெல்லாம் மாவு. கழுவிட்டு வாங்கன்னா சிரிச்சு மழுப்பறாரு. ஸ்டூலையும் போட்ட இடத்துல வைக்கறதில்ல, தள்ளித் தள்ளி வைக்கறாரு. மனசுல என்ன வெச்சிருக்காரோ, எனக்கென்ன தெரியும்."

நிமிஷம் நோட்டை மூடினார். மறைக்கிறவன் முகம் சீக்கிரம் போகும் என்பதை வாய்விட்டுச் சொல்லவேண்டிய அவசியம் எங்கள் தெருவில் இல்லை. மச்சான் ஏதோ சொல்ல வாயெடுத்து, என்னையே பார்த்து, மூடிக்கொண்டார். "மாப்ள சொன்னா சரியாத்தான் இருக்கும்," என்று மட்டும் சொன்னார். மறுநாளிலிருந்து முகம் கொடுக்கும் ஸ்டூல் தையல்காரிக்குப் போனது.

அதற்கப்புறம் நான் செய்தது இருக்கிறதே, அதுதான் எல்லாவற்றிலும் கேவலம். தையல்காரி உட்கார்ந்த முதல் நாள், பயத்தைப் பல்லைக் கடித்து அடக்கிக்கொண்டு, கூடுதலாக முந்நூறு எண்ணினேன். பதினாலு நிமிடம் பத்தொன்பது ஆனது. "பாத்தீங்களா," என்றார் நிமிஷம். தெருவே பார்த்தது. குற்றம் மச்சான் முகத்தில்தான் என்று நோட்டே சாட்சி சொன்னது. தையல்காரி வேறு என்னைப் புகழ்ந்து தள்ளினாள். "கண்ணாடிக்காரர் உதடு ஓயாம அசைஞ்சுட்டே இருக்குங்க. அவ்வளவு நேரமும் சாமி பேரைச் சொல்லிட்டே இருக்காரு."

பேக்கரியில் கூட்டம் குறைந்தது. யாரும் சண்டைக்குப் போகவில்லை, முகத்துக்கு நேராக எதுவும் கேட்கவில்லை. ரொட்டி வாங்க அடுத்த தெருவுக்குப் போனார்கள், அவ்வளவுதான். குழந்தைகளை அனுப்பிக்கொண்டிருந்தவர்கள் அனுப்புவதை நிறுத்தினார்கள். இந்த ஆள் எதை மறைக்கிறார் என்று ஆளாளுக்கு ஒன்று சொன்னார்கள். மாவில் கலப்படம் என்றார்கள், வேறு ஊரில் ஒரு குடும்பம் இருக்கிறது என்றார்கள்.

மச்சான் என்ன செய்தார் தெரியுமா? நம்பினார். தன்னிடம் எதுவோ ஒளிந்திருக்கிறது, அதைத் தேடி எடுத்துக் கொட்டிவிட்டால் முகம் திரும்பி வந்துவிடும் என்று, தினமும் பொழுது சாய்ந்ததும் வந்து ஆள் ஆளாகப் பிடித்துச் சொல்ல ஆரம்பித்தார். அப்படித்தான் நான் நினைத்தேன். என் காது நன்றாகவே கேட்கும், அறை சின்னது. முந்தின நாள் ரொட்டியைப் புதுசோடு சேர்த்து வைத்து விற்ற ஒரு வாரத்தைப் பற்றித் தபால்காரரிடம் சொன்னார். சங்கத் தேர்தலில் உங்களுக்கு நான் ஓட்டுப் போடவில்லை என்று நிமிஷத்திடம் சொன்னார். நிமிஷம் "கேட்டுட்டேன்" என்று சொல்ல ரொம்ப நேரம் எடுத்துக்கொண்டார். மழைக்கு ஒதுங்கிய ஒருவர் மறந்துவிட்டுப் போன குடையைப் பதினோரு வருடமாக வைத்திருப்பதைச் சொன்னார். நான் எண்ணிக்கை தவறாமல் எண்ணிக்கொண்டே சிரிப்பை அடக்கினேன். ஆமாம், சிரிப்பு வந்தது.

ஒரு நாள் அவர் தன் மனைவியைக் கூட்டிவந்து, கல்யாணத்துக்கு முன்னால் வேறொரு பெண்ணுக்குக் கடிதம் எழுதி, கொடுக்காமலே கிழித்துப் போட்டதைச் சொன்னார். அந்த அம்மா "கேட்டுட்டேன்" என்றார். குரல் சரியாக இல்லை. எனக்கு அதன் பிறகு சிரிப்பு வரவில்லை.

இரண்டு நாள் கழித்து மச்சானின் மனைவி என் கடைக்கு வந்தார்கள். நான் அக்கா என்றுதான் கூப்பிடுவேன். கண்ணாடியின் காது கழன்றுவிட்டது என்று கொடுத்துவிட்டு, முன்னால் இருந்த நாற்காலியில் உட்கார்ந்தார்கள். கண்ணாடி இல்லாத கண் சிவந்திருந்தது.

"வீட்டுல தூங்கறதே இல்ல தம்பி," என்றார்கள். "எதைச் சொல்லாம விட்டேன், எதைச் சொல்லாம விட்டேன்னு நடந்துட்டே இருக்காரு. நேத்து எங்கிட்ட, நான் கெட்டவனான்னு கேட்டாரு. அவரையா மறைக்கிறவருன்னு சொல்றாங்க? எனக்கே இப்ப சந்தேகம் வருது. அதான் என்னால தாங்க முடியல." கொஞ்சம் நிறுத்தி, "நீங்கதானே பாத்தீங்க. அவர் முகத்துல என்ன பாத்தீங்க? எதுவா இருந்தாலும் பரவால்ல, சொல்லுங்க."

நான் குனிந்து திருகாணியைத் திருகிக்கொண்டிருந்தேன். எட்டு ட்யூப்லைட்டும் எரிந்தன.

"நான் என்னத்தைக் கண்டேன், அக்கா," என்றேன்.

கண்ணாடியைத் துடைத்துக் கையில் கொடுத்தேன். அக்கா போட்டுக்கொண்டு ஒரு நிமிடம் என்னையே பார்த்துவிட்டுப் போனார்கள். அன்று சாப்பாடு இறங்கவில்லை. என் மனைவி, "அண்ணனை நினைச்சுக் கவலைப்படறீங்களா?" என்று கேட்டாள். அவள் அப்படிக் கேட்டதற்குப் பதில் என்னைச் செருப்பால் அடித்திருக்கலாம்.

அதற்கடுத்த வாரம், ஒரு மேகமில்லாத சாயங்காலம். துணியை எடுத்தாயிற்று. தையல்காரி எதிரே வந்து உட்கார்ந்தாள். நான் எண்ணத் தொடங்கினேன். முந்நூற்றுச் சொச்சத்தில் அவள் முகம் எனக்குப் போய்விட்டது, அறையும் போய்விட்டது. பழக்கம்தான். கண்ணைத் திறந்தபடி, கழுத்தை நேராக வைத்துக்கொண்டு எண்ணிக்கொண்டிருந்தேன்.

பின்னால் ஆள் வந்து நின்றது தெரிந்தது. முகம் பார்ப்பவர் திரும்பக் கூடாது, அதனால் அவரிடம் சொல்ல வேண்டியவர்கள் காதோரம் குனிந்துதான் சொல்ல வேண்டும். ஈஸ்ட் வாசனை வந்தது, சூடான மூச்சு வந்தது.

"மாப்ள, நான்தான்," என்றார் மச்சான். "எல்லார்கிட்டயும் எல்லாம் சொல்லியாச்சு. ஒண்ணுதான் மிச்சம். அது முழுசா என்னோடது இல்ல. அதான் இத்தனை நாளும் அதைச் சொல்லாம, வேற எதாவது போதுமான்னு தேடிட்டு இருந்தேன்."

நான் நானூற்று நாற்பதில் இருந்தேன்.

"ரெண்டு வருஷம் முன்னாடி, ஒரு நாள் நல்ல மழை. ஜன்னல் கதவு அடிச்சுக்கிச்சு. சாத்தறதுக்கு நான் ஸ்டூலை விட்டு எழுந்து போனேன். நிமிஷம் வாசல்லேருந்து, முகம் இருக்கான்னு கேட்டாரு. நீங்க காலி ஸ்டூலைப் பாத்து, இருக்குன்னு சொன்னீங்க."

எண்ணிக்கை நின்றுவிட்டது.

"அப்ப புரிஞ்சுது எனக்கு. உங்க அப்பாவுக்கு இருந்தது எனக்கும் தெரியுமில்ல. நீங்களா சொல்ற வரைக்கும் நாம சொல்லக் கூடாதுன்னு நினைச்சேன். மறுநாளிலேருந்து மாவைக் கழுவாம வந்தேன், வெள்ளையா இருந்தா இன்னும் ரெண்டு நிமிஷம் தெரியுமேன்னு. ஸ்டூலைத் தினமும் வழக்கமான இடத்துலேருந்து ஒரு விரக்கடை கிட்ட தள்ளிப் போட்டேன். நீங்க உதட்டுக்குள்ள எண்ணறதும் தெரியும். தப்புதான். தெருவை ஏமாத்தறதுக்குத் துணை போனேன். சாமிக்கு முன்னாடி உக்காந்துட்டு மறைச்சேன். நீங்க அன்னைக்குக் கூட்டத்துல சொன்னது சரி மாப்ள. என் முகம் போக வேண்டிய முகம்தான். இதை வாய்விட்டுச் சொல்லிட்டேன்னு உங்களுக்குக் கஷ்டமா இருந்தா என்னை மன்னிச்சிடுங்க."

அவர் என்னிடம் மன்னிப்புக் கேட்டார். நான் அந்த இருட்டில் ஸ்டூலைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டேன்.

வயிற்றில் எதுவும் தங்காது என்று கேலி செய்தோமே, அந்த மனுஷன் இரண்டு வருடம் என் மானத்தைக் கட்டிக் காப்பாற்றியிருக்கிறார். அந்த மாவையும் அந்த ஸ்டூலையும் எடுத்து அவர் மேலேயே போட்டேன். அப்போதும் பேசாமல் இருந்தார். அவர் கடையில் ஆள் இல்லை, அவர் மனைவிக்கு அவர் மேல் நம்பிக்கை போய்க்கொண்டிருந்தது. அதற்கும் பேசாமல் இருந்தார். எனக்கு எங்காவது போய் ஒளிந்துகொள்ள வேண்டும்போல் இருந்தது.

ஒளிய வழி இருந்தது. அதையும் சொல்லிவிட வேண்டும். "கேட்டுட்டேன்" என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். சட்டப்படி விஷயம் முடிந்தது. விளக்கு வந்ததும் இதைப் பற்றி யாரும் பேச முடியாது. மச்சான் நிம்மதியாகப் போய்ப் படுப்பார், நான் ஸ்டூலில் இருப்பேன். அந்த வார்த்தை என் நாக்கு நுனி வரை வந்தது. அவரிடம் நானும் அப்படியே குசுகுசுவென்று மன்னிப்புக் கேட்டுக்கொள்ளலாம், அவரும் "கேட்டுட்டேன்" என்பார். நாங்கள் இருவரும் சுத்தமாகிவிடுவோம். தெருவுக்கு மட்டும் அவர் மறைக்கிறவராகவே இருப்பார்.

"முகம் இருக்கா?" என்றார் நிமிஷம் வாசலிலிருந்து.

நாக்கு நுனியிலிருந்த வார்த்தையை விழுங்கினேன்.

"முகம் இருக்கா?"

சுவரோரக் குசுகுசுப்பு அடங்கியது.

"தெரியல," என்றேன்.

அந்த அறையில் அந்தப் பதிலை யாரும் கேட்டதில்லை. சுவரோரம் யாரோ நகர்ந்தார்கள்.

"விளக்கைப் போடுங்க நிமிஷம். நான் ஒண்ணு சொல்லணும். இருட்டுல சொல்றது இல்ல அது."

"எப்படிப் போடறது?" என்றார் நிமிஷம். "இன்னும் வெளிச்சம் இருக்கேய்யா."

"ஆமாங்க," என்றாள் தையல்காரி எதிரிலிருந்து. அவள் குரலில் பயம் இருந்தது. "எனக்கு உங்க முகம் நல்லாத் தெரியுது. ஏன் அழறீங்க?"

எனக்கு அப்போதுதான் உறைத்தது. இருட்டு எனக்கு மட்டும்தான். இந்த இரண்டு வருடமும் யாருக்கும் எதுவும் தெரியாது என்று நினைத்துக்கொண்டு நான் முழித்ததும், பயந்ததும், உதடசைய எண்ணியதும், சிரிப்பை அடக்கியதும் எல்லாம் அவர்களுக்கு எதிரே வெட்டவெளிச்சத்தில் நடந்திருக்கிறது. என்ன பார்க்கிறோம் என்றுதான் அவர்களுக்குத் தெரியவில்லை. மச்சானுக்குத் தெரிந்திருந்தது.

நிமிஷம் சுவிட்சைத் தொடவில்லை. நேரத்துக்கு முன்னால் போட மாட்டேன் என்றார். தையல்காரியை என் ஸ்டூலில் உட்காரச் சொன்னார், மச்சானை அவருடைய பழைய ஸ்டூலில். என்னைக் கையைப் பிடித்து அழைத்துப்போய்ச் சுவரோரம் நிறுத்தினார்கள். இடறினேன். அது எத்தனை நிமிடம் என்று எனக்குத் தெரியாது, நான் எண்ணவில்லை. எல்லாரும் என்னைப் பார்த்தபடி நிற்க, நான் யாரையும் பார்க்காமல் நின்றேன். தையல்காரி "இருக்கு" என்றாள். மறுபடி "இருக்கு" என்றாள். மச்சானின் முகம் அவ்வளவு நேரம் இருந்தது. கடைசியில் அவள் "போயிடுச்சு" என்று சொன்னபோது, அறையில் பெருமூச்சு விடும் சத்தம் கேட்டது.

விளக்கு வந்தது. சொன்னேன். மழைநாளின் காலி ஸ்டூலிலிருந்து, கூடுதலாக எண்ணிய முந்நூறு வரை ஒன்று விடாமல் சொன்னேன். தையல்காரியிடம், உங்கள் மாமியார் பேச்சைப் பாதியில் வெட்டியது நான் என்று சொன்னேன். அவள் கல்லைத் துணியால் மூடினாள். நிமிஷம் நோட்டை எடுத்துவரப் போகிறேன் என்று வெளியே போய், வராமலே இருந்துவிட்டார். மச்சான் ஸ்டூலில் தலையைக் குனிந்துகொண்டு உட்கார்ந்திருந்தார், தப்புச் செய்தவர் அவர் மாதிரி. அன்றைக்கு முகத்தில் மாவு இல்லை.

என் மனைவி என்னைப் பார்க்காமல் அண்ணன் பக்கத்தில் போய் நின்றாள். கூட்டம் கலைய ஆரம்பித்தது. அக்கா மட்டும் என் முன்னால் வந்தார்கள். நான் திருகிக் கொடுத்த கண்ணாடியைத்தான் போட்டிருந்தார்கள். திட்டுவார்கள் என்று நினைத்தேன். திட்டினால் தேவலை என்றிருந்தது.

"இங்க இருட்டுல உங்களுக்குக் கண்ணு தெரியல, சரி," என்றார்கள் மெதுவாக. "அன்னைக்கு உங்க கடைக்கு வந்து கேட்டேனே தம்பி. அங்க நல்ல வெளிச்சமாத்தானே இருந்துச்சு."

"ஆமாக்கா," என்றேன்.